வெரிட்டி லாம்பர்ட்: பகிரப்படும் இரண்டு தவறுகள்

“‘டாக்டர் ஹூ’ தொடரைக் கற்பனை செய்து உருவாக்கியவர் வெரிட்டி லாம்பர்ட், பி.பி.சி.யின் முதல் பெண் தயாரிப்பாளரும் அவரே” என்று ஒரு பதிவு சுற்றுகிறது. இரண்டுமே தவறு.

பி.பி.சி.யின் அறிவியல் புனைகதைத் தொலைக்காட்சித் தொடரான ‘டாக்டர் ஹூ’வின் கருவை வகுத்தவர்கள் அதன் நாடகப் பிரிவுத் தலைவர் சிட்னி நியூமன், டொனால்ட் வில்சன், சி. ஈ. வெப்பர் ஆகியோர். லாம்பர்ட் 1963-இல் தொடரின் முதல் தயாரிப்பாளராக வந்தார், வயது 27. அப்போது பி.பி.சி. நாடகப் பிரிவில் இருந்த ஒரே பெண் தயாரிப்பாளர் அவர்தான். குழப்பம் இங்கேதான் தொடங்கியிருக்க வேண்டும். ஆனால் மேரி ஆடம்ஸ் என்ற பெண் 1930-களிலேயே பி.பி.சி.யில் தொலைக்காட்சித் தயாரிப்பாளர்.

இதனால் லாம்பர்ட்டின் பங்கு குறைந்துவிடாது. நாயகனான ‘டாக்டர்’ வேடத்தில் நடிக்க வில்லியம் ஹார்ட்னலைப் பேசிச் சம்மதிக்க வைத்தவர்கள் அவரும், லக்னோவில் பிறந்த இயக்குநர் வாரிஸ் ஹுசைனும். முதல் அத்தியாயப் பதிவை நியூமன் நிராகரித்ததால் அக்டோபரில் மறுபடி எடுத்தார்கள். நவம்பர் 23 அன்று ஒளிபரப்பானது. வில்சன் வெறுத்த ‘டாலெக்’ (இயந்திர உறைக்குள் வாழும் வேற்றுக்கிரக வில்லன்கள்) கதைக்காக லாம்பர்ட் வாதாடினார். கையில் வேறு கதை தயாராக இல்லை என்பதும் ஒரு காரணம். டாலெக்குகளை எழுதியவர் டெர்ரி நேஷன், உருவம் கொடுத்தவர் ரேமண்ட் கசிக்.

1965-இல் லாம்பர்ட் தொடரிலிருந்து விலகினார். 1974 முதல் தேம்ஸ் தொலைக்காட்சியின் நாடகப் பிரிவுத் தலைவர். 1985-இல் ‘சினிமா வெரிட்டி’ என்ற சொந்த நிறுவனம்.