வேலியை விட்டால் செங்காந்தளுக்கு வேறு வீடில்லை

செங்காந்தளை வீட்டுத் தொட்டியில் வளர்த்தே காப்பாற்றிவிடலாம் என்று ஒரு கட்டுரையில் படித்தேன். எனக்கு அதில் அவ்வளவு உடன்பாடு இல்லை. இது புதர்க்காட்டிலும் வேலியோரத்திலும் வளரும் கொடி. பிடித்து ஏற ஒரு கிளுவையோ காரைச்செடியோ பக்கத்தில் இருக்க வேண்டும். இலையின் நுனியைக் கவனித்திருக்கிறீர்களா? அதுவே சுருண்டு பற்றுக்கம்பியாகி, அருகிலிருக்கும் குச்சியைச் சுற்றிக்கொள்ளும். பூவும் லேசுப்பட்டதல்ல. பச்சையாக விரிந்து, மஞ்சளாகி, சில நாளில் முழுச் சிவப்பாகும். ஆறு இதழும் நெளிந்து மேல்நோக்கி மடங்கி நிற்பதைப் பார்த்தால் தீ எரிவது போலவே இருக்கும்.

மழைக்காலம் முடிந்ததும் கொடி காய்ந்து மறைந்துவிடும். கலப்பை வடிவக் கிழங்கு மட்டும் மண்ணுக்குள் தூங்கும். சிக்கலே அங்கேதான். கோடையில் வேலியைப் பார்க்கிறவர் வெறும் முள் என்று நினைத்து இயந்திரம் விட்டு வழித்துவிடுகிறார், கிழங்கும் சேர்ந்து போகிறது. அப்புறம் மாநில மலர் என்று பலகை வைத்து என்ன பயன்?

மூலனூர், ஒட்டன்சத்திரம் பக்கம் இதே செங்காந்தளைக் கண்வலிக்கிழங்கு என்ற பெயரில் விதைக்காகப் பயிரிடுகிறார்கள். நல்லதுதான், காட்டில் தோண்டுவது அந்த அளவுக்குக் குறையும். ஆனால் தொட்டியில் வைக்கச் சொல்லும்போது அந்தக் கட்டுரை ஒன்றைச் சேர்த்துச் சொல்லியிருக்க வேண்டும்: கிழங்கிலும் விதையிலும் கோல்சிசின் இருக்கிறது, கடும் விஷம். வள்ளிக்கிழங்கு என்று நினைத்துச் சாப்பிட்டால் உயிருக்கே ஆபத்து. குழந்தைகள் இருக்கும் வீட்டில் வேண்டாமே.