காலிப் பெட்டி சரி, அரைகுறை உரை?
நாம் கொடுக்கும் உரையைத் திருத்தி எழுதித் தரும் செயற்கை நுண்ணறிவுக் கருவிகளைப் பற்றிய கட்டுரை ஒன்றில், 'உள்ளீடு தெளிவாக இல்லையென்றால் இவை திருப்பிக் கேட்டுவிடும்' என்று சொல்லியிருப்பது பாதிதான் உண்மை. உரையை ஒட்டும் பெட்டி முழுக்கக் காலியாக இருந்தால் பெரும்பாலும் கேட்கும், சரி. பாதி விளங்கி பாதி விளங்காத உரை போனால்தான் வில்லங்கம். எங்கள் குடியிருப்போர் சங்கத்தின் பழைய அறிவிப்பு ஒன்று ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவங்களை வைத்திருக்கும் பாமினி எழுத்துருவில் அடித்தது. அதை அப்படியே ஒட்டினால் தமிழே வராது, ஆங்கில எழுத்தும் அரைப்புள்ளியுமாகக் கொட்டும். 'தண்ணீர்த் தொட்டி' என்ற தலைப்பு மட்டும் பின்னால் யாரோ, ஒட்டினாலும் தமிழாகவே வரும் யூனிகோடில் சேர்த்தது. 'நல்ல தமிழில் மாற்றிக் கொடு' என்றதற்கு, ஞாயிறு காலை 9 மணி முதல் 1 மணி வரை தண்ணீர் வராது, ஒத்துழைக்கவும் என்று கருவி அழகாக எழுதித் தந்தது. மூலத்தில் இருந்ததோ தொட்டி கழுவும் செலவுக்கான வசூல்! அடுத்து எந்தச் சொல் வரும் என்று கணித்துக்கொண்டே போவதுதான் இந்தக் கருவிகளுக்குள் இருக்கும் மொழி மாதிரியின் வேலை. ஓட்டை இருந்தால் வழக்கமாக அங்கே வருவதைப் போட்டு அடைத்துவிடும். அந்தக் கட்டுரைக்குக் கருத்து எழுதிய ஒருவர், பழைய உரையாடல் நிரல்கள் இதைவிட முட்டாள் என்கிறார். அப்படியும் சொல்ல முடியாது. 1966-இல் ஜோசப் வைசன்பாம் வெளியிட்ட எலிசா என்ற உரையாடல் நிரல், தெரிந்த சொல் எதுவும் சிக்காவிட்டால் 'மேலே சொல்லுங்கள்' என்கிற மாதிரி பொதுவாக ஏதாவது சொல்லி நகர்ந்துவிடும். புரிந்த பாவனைதான், ஆனாலும் இல்லாத நேரத்தை எழுதி வைக்காது. இப்போதெல்லாம் 'புரியாத இடத்தில் புள்ளி வைத்துவிடு, நீயாக நிரப்பாதே' என்று கருவியிடம் சேர்த்தே சொல்லிக் கொடுக்கிறேன். பெரும்பாலும் சொன்னபடி கேட்கிறது, எண் வரும் இடத்தில் மட்டும் அவ்வப்போது கைவரிசையைக் காட்டுகிறது.