முதுகுக்குப் பின்னால் ஒரு குடும்பம்

நேற்றும் அதே கதைதான். கல்யாணப் பந்தியில் சாம்பார் சாதத்தைப் பிசைந்துகொண்டிருக்கிறேன், என் நாற்காலியை யாரோ பின்னாலிருந்து பிடிக்கிறார்கள். திரும்பினால் ஒரு குடும்பமே நிற்கிறது. தாத்தா, மருமகள், இடுப்பில் குழந்தை. எல்லோர் கண்ணும் என் இலைமேல்.

இன்னும் ரசமே வரவில்லை ஐயா! எத்தனை கவளம் உள்ளே போகிறது என்று கணக்கெடுக்கவா வந்தீர்கள்? அப்பளத்தை நொறுக்கினால் பெருமூச்சு. பாயசம் இரண்டாம் முறை கேட்டால் முறைப்பு. பக்கத்து நாற்காலியின் முதுகில் கைக்குட்டை விழுந்துவிட்டது. அதில் உட்கார்ந்திருந்த பெரியவர் இன்னும் கூட்டைத் தொடவே இல்லை.

ஞாயிற்றுக்கிழமை 12 மணிக்கு எமகண்டம், அதற்குள் தாலி ஏற வேண்டும் என்று புரோகிதர் பறக்கிறார். கூட்டமோ அவருக்கும் முன்னால் சாப்பாட்டுக் கூடத்துக்குப் பறக்கிறது. அட்சதையை மணமக்கள்மேல் போட்டார்களா, மாடிப்படியில் போட்டார்களா, யாருக்குத் தெரியும்?

மோருக்குக் கை நீட்டினேன். அதற்குள் மேசைத் தாளை ஒரு முனையிலிருந்து இலையோடு சுருட்டிக்கொண்டு வருகிறார் ஒருவர். மொய் 501 ரூபாய் எழுதியிருக்கிறேன். அதில் ஒரு கை மோர் சாதத்துக்குக்கூடவா இடமில்லை?