வேலையை விட முடியாததால் எம்.பி. ஆனவர்

அரசியலுக்கு வர ஆளாளுக்கு ஒரு காரணம் சொல்வார்கள். ஃபிட்ஸ்ராய் மக்லீன் சொன்ன காரணம் பச்சைப் பொய். ஆனாலும் எனக்கு அந்த ஆளைப் பிடிக்கும்.

இரண்டாம் உலகப் போர் மூண்டபோது அவர் பிரிட்டிஷ் வெளியுறவுத் துறை அதிகாரி. அதற்கு முன் மாஸ்கோ தூதரகத்தில் வேலை. 1938 மார்ச்சில், ஸ்டாலின் தன் பழைய தோழர் புகாரின்மேல் நடத்திய துரோக வழக்கின்போது அந்த மண்டபத்தில் உட்கார்ந்து பார்த்தவர். ஏதோ ஒரு விளக்கு திசைமாறி ஒரு சின்ன ஜன்னலின் கறுப்புக் கண்ணாடிமேல் விழ, அதற்குப் பின்னால் ஸ்டாலினின் மீசை தெரிந்ததாம். லீவு கிடைத்தால் போதும், ரகசியப் போலீஸ் பின்தொடர மத்திய ஆசியாவின் சமர்க்கந்து, புகாரா என்று கிளம்பிவிடுவார். அப்படிப்பட்ட ஆளை லண்டனில் கோப்பு பார்க்க உட்கார வைத்தால்?

ராணுவத்தில் சேர விடமாட்டோம் என்றது துறை. மனிதர் விதிகளைப் புரட்டினார். தேர்தலில் நிற்க நினைக்கும் அதிகாரி வேலையை விட்டே ஆகவேண்டும் என்று ஒரு விதி கண்ணில் பட்டது. எனக்கு அரசியல் ஆசை வந்துவிட்டது என்று மேலதிகாரி முன்னால் போய் நின்றார். ராஜினாமா கைமாறியதும் டாக்சி பிடித்து நேரே ஆள்சேர்ப்பு அலுவலகம். கேமரன் ஹைலாண்டர்ஸ் படையில் சாதாரணச் சிப்பாய்!

அப்புறம் துறை விழித்துக்கொண்டது. அரசியல் என்றாயே, எங்கே தேர்தல்? வேறு வழியில்லாமல் 1941 அக்டோபரில் லாங்காஸ்டர் இடைத்தேர்தலில் கன்சர்வேட்டிவ் வேட்பாளராக நின்றார், ஜெயித்தும் விட்டார். (அங்கே தோற்றவர்களில் ஒருவர் ஃபென்னர் பிராக்வே. கல்கத்தாவில் பிறந்து இந்திய விடுதலைக்குக் குரல் கொடுத்தவர். எனக்கு ஓட்டு இருந்திருந்தால் அவருக்குத்தான்.)

1943 செப்டம்பரில் பிரிகேடியராகி, யூகோஸ்லாவியாவில் ஜெர்மானியரை எதிர்த்துப் போரிட்ட கம்யூனிஸ்ட் தலைவர் டிட்டோவின் படையைத் தேடி போஸ்னியாவில் பாராசூட்டில் குதித்தார். சாகசப் பிரியர்கள் இந்த இடத்தில்தான் கைதட்டுவார்கள். என்னை உறுத்துவது அதற்குப் பிறகு நடந்த ஒரு பேச்சு. ஜெர்மானியரோடு உண்மையாக மோதுவது டிட்டோவின் ஆட்கள்தான், ஆனால் போர் முடிந்ததும் அங்கே கம்யூனிஸ்ட் ஆட்சி வந்துவிடும் என்று சர்ச்சிலிடம் சொன்னார். போருக்குப் பிறகு யூகோஸ்லாவியாவில் குடியேறப் போகிறீரா என்று கேட்டார் சர்ச்சில். இல்லை, ஐயா என்றார் மக்லீன். நானும் இல்லை என்றார் சர்ச்சில். அப்படியென்றால் அங்கே எந்த ஆட்சி வருகிறது என்பது பற்றி நாம் இருவரும் அதிகம் அலட்டிக்கொள்ள வேண்டாம்.

இதை ஜோக்காகச் சொல்பவர்கள் உண்டு. எனக்குச் சிரிப்பு வரவில்லை. ஹிட்லரைத் தோற்கடிக்கும் கணக்கில் முடிவு சரிதான், மறுக்கவில்லை. ஆனால் அந்த முடிவோடு வாழவேண்டிய ஆள் ஒருவர்கூட அந்தப் பேச்சில் இல்லை. பிரிட்டன் முதலில் ஆதரித்து, பிறகு கைவிட்ட, டிட்டோவின் எதிரணித் தளபதி மிஹைலோவிச்சை 1946-இல் டிட்டோவின் அரசு சுட்டுக் கொன்றது.

பிரிட்டனில் அவருடைய அரசியலைப் பற்றிச் சொல்லப் பெரிதாக ஒன்றுமில்லை. பொய்யாகச் சொன்ன ஆசையில் 1974 வரை, முப்பத்திரண்டு வருஷம் எம்.பி.யாக இருந்தார். 1954 முதல் 1957 வரை போர்த் துறையில் துணை அமைச்சர். அதற்கு மேலே போகவில்லை.

சரி, அந்த 'இல்லை, ஐயா' என்ன ஆனது? பிற்காலத்தில் மனிதர் யூகோஸ்லாவியாவின் கோர்ச்சுலா தீவிலேயே ஒரு வீடு வாங்கினார். 1990-களில் அந்த நாடு உடைந்து சிதறியபோது, எண்பது வயதில் மனைவியோடு அந்தத் தீவுக்கு மருந்துப் பொருள்கள் கொண்டுபோனார்.