டின்டர்ன் மடத்துக்குள் அமர்ந்து எழுதிய கவிதையா?

வேல்ஸ் எல்லையிலுள்ள வை நதிப் பள்ளத்தாக்கைப் பாடும் ஆங்கிலக் கவிஞர் வேர்ட்ஸ்வொர்த்தின் கவிதை, டின்டர்ன் மடத்தின் இடிபாடுகளுக்குள் அமர்ந்து, அவற்றை வருணித்து எழுதப்பட்டது என்று பரவும் செய்தி தவறானது. மடத்துக்குச் சில மைல் மேலே, அதாவது நதியின் எதிரோட்டத் திசையில், இயற்றியதாகத் தலைப்பே கூறுகிறது. கவிதைக்குள் மடம் ஓரிடத்திலும் வருவதில்லை. அங்கே இருப்பவை, 1793இல் கண்டு 1798 ஜூலையில் அவர் மீண்டும் கண்ட வனச்சரிவுகள்: கருநிழல் விரிக்கும் சிக்கமோர் மரம், கட்டுமீறிக் காடாய் ஓடும் வேலிப்புதர்கள், மரங்களிடையே ஓசையின்றி எழும் புகைச்சுருள்கள். இவற்றை மறைத்து மடத்தின் படத்தை முன்னிறுத்துவது கவிதைக்கு இழைக்கும் அநீதி. டின்டர்னை விட்டு நதியைக் கடந்தபின் மனத்துக்குள் தொடங்கி, தங்கை டோரதியுடன் நான்கைந்து நாள் நடந்து பிரிஸ்டலுக்குள் நுழைகையில் முடித்ததாகவும், அதுவரை ஒரு வரியைக்கூடத் தாளில் எழுதவில்லை என்றும் அவரே பின்னாளில் பதிவுசெய்திருக்கிறார்.