காசு கொடுத்தும் கைக்கு வராதவை

2024 மார்ச் 31 அன்று யூபிசாஃப்ட் நிறுவனம் 'தி க்ரூ' என்ற கார் பந்தய விளையாட்டின் சர்வர்களை, அதாவது இணையம் வழியாக அதை இயக்கிய தன் கணினிகளை, நிறுத்தியது. 2014-இல் வந்த விளையாட்டு அது. தனியாக உட்கார்ந்து ஆடினாலும் சர்வரோடு இணைப்பு இருந்தால்தான் ஓடும் என்று அதை வடிவமைத்திருந்தார்கள். அதனால் கடையில் டிஸ்க்காகவே வாங்கி அலமாரியில் வைத்திருந்தவர்களுக்கும் அன்றோடு அது ஓடாமல் போனது. டிஸ்க்கில் ஒரு கீறல்கூட விழவில்லை. விற்றவர் எங்கோ இருந்துகொண்டு அதை உபயோகமில்லாமல் ஆக்கிவிட்டார்.

கேம் ஆடுகிறவர்களின் பிரச்சினை, நமக்கென்ன என்று இதைத் தாண்டிப் போக என்னால் முடியவில்லை. பாட்டுக்கும் படத்துக்கும் தொடருக்கும் இதேதான் நடந்துகொண்டிருக்கிறது. அங்கே சத்தமில்லாமல் நடப்பதால் நாம் கவனிப்பதில்லை.

ஸ்ட்ரீமிங்கால் வந்த நன்மையை நான் மறுக்கவே மாட்டேன். 2016-இல் ஜியோ வந்து டேட்டா விலை விழுந்த பிறகு, கேசட்டோ சிடியோ வாங்க முடியாத வீடுகளுக்கும் எழுபது வருடத்துத் திரைப்பாடல்கள் போய்ச் சேர்ந்தன. அது பெரிய விஷயம்தான். ஆனால் அதற்கு முன்னால் நமக்கு ஒரு பழக்கம் இருந்தது. ஊருக்கு ஊர் ரெக்கார்டிங் சென்டர் இருக்கும். பாட்டுகளைத் தாளில் எழுதிக் கொடுத்தால் 60 நிமிட கேசட்டிலோ 90 நிமிட கேசட்டிலோ பதிந்து தருவார்கள். காப்புரிமைச் சட்டப்படி அது சரியா என்று கேட்டால், இல்லைதான். ஆனால் அந்த கேசட் நம் வீட்டிலேயே கிடக்கும். ஆடியோ கம்பெனி மூடினாலும், உரிமை கைமாறினாலும், யார் யாரோடு சண்டை போட்டாலும் அது பாடும்.

இன்றைய பிளேலிஸ்ட் அப்படியில்லை. நான் பல வருடம் சேர்த்த ஒரு பட்டியலில் அங்கங்கே பாட்டுகள் சாம்பல் நிறத்துக்குப் போயிருக்கின்றன. தொட்டால் பாடாது, ஏன் என்றும் சொல்லாது. இன்னும் பெரிய அளவிலும் இது நடக்கிறது. ரெஸ்ஸோ என்ற பாட்டுச் செயலி 2024 ஜனவரியோடு இந்தியாவில் நின்றது. ஏர்டெல்லின் விங்க் மியூசிக்கும் அதே ஆண்டில் மூடப்பட்டது. கோடிக்கணக்கானவர்கள் பாட்டு கேட்ட செயலி அது. வேறு செயலிக்குப் போய்ப் பாட்டு கேட்கலாம், உண்மை. ஆனால் ஒருவர் பொறுக்கிப் பொறுக்கி அடுக்கிய வரிசை இருக்கிறதே, அதைத் தேர்ந்தெடுத்த உழைப்பு அவருடையது. அது எத்தனை நாள் இருக்கும் என்ற முடிவு மட்டும் அவரிடம் இல்லை.

படங்களுக்கு வாருங்கள். 2022 டிசம்பரில் எச்பிஓ மேக்ஸ் என்ற அமெரிக்க ஸ்ட்ரீமிங் தளம் தன் சொந்தத் தயாரிப்பான 'வெஸ்ட்வேர்ல்ட்' தொடரையே தளத்திலிருந்து எடுத்தது. 'வில்லோ' தொடரை டிஸ்னி வெளியிட்டு ஆறு மாதம்கூட ஆகவில்லை, 2023 மே மாதம் அதையும் நீக்கினார்கள். இரண்டுக்கும் காரணம் செலவுக் கணக்கு. நம் 'அன்னபூரணி'க்குக் காரணம் வேறு. தணிக்கைச் சான்றிதழ் வாங்கித் தியேட்டரில் ஓடிய அந்தப் படம் 2023 டிசம்பர் கடைசியில் நெட்ஃப்ளிக்ஸுக்கு வந்தது. மத உணர்வைப் புண்படுத்துகிறது என்று புகார்கள் கிளம்பியதும் இரண்டு வாரத்துக்குள் காணாமல் போனது. படத்தில் சொன்னது சரியா தவறா என்று ஆளாளுக்கு வாதாடினோம். ஆனால் பார்த்துவிட்டு முடிவு செய்ய நினைத்தவருக்கு அன்று வழியே இல்லை. டிவிடி வந்திருந்தால் யாரோ ஒருவர் வீட்டிலாவது இருந்திருக்கும்.

இங்கே சிலர் கேட்பார்கள்: கம்பெனியிடம் மாஸ்டர் காப்பி பத்திரமாக இருக்குமே, பிறகென்ன கவலை? பிபிசியின் கதையைப் பார்த்தால் அந்த நம்பிக்கை போய்விடும். டேப் விலை அதிகம், இடமும் இல்லை என்று 1960, 70-களில் பழைய நிகழ்ச்சிகளை அழித்தார்கள். 'டாக்டர் ஹூ' என்ற அறிவியல் புனைவுத் தொடரில் மட்டும் தொண்ணூறுக்கும் மேற்பட்ட எபிசோடுகளின் படம் அப்படிப் போய்விட்டது. ஆனால் அத்தனைக்கும் ஒலி இன்றைக்கும் இருக்கிறது. எப்படி? ரசிகர்கள் வீட்டில் டிவி பார்த்தபடியே டேப் ரெக்கார்டரில் பதிந்து வைத்திருந்தார்கள். வெளிநாட்டு ஒளிபரப்புக்குப் போன பிரதிகளில் ஒன்பது எபிசோடுகள் நைஜீரியாவில் கிடைத்ததாக 2013-இல் அறிவித்தார்கள். தயாரித்தவர் அழித்ததைக் காப்பாற்றியது பார்த்தவர்களும், தூரத்து ஊரில் தங்கிப்போன பிரதிகளும்தான். ஒரே சர்வரில் எல்லாம் இருக்கும் காலத்தில் இது நடக்கவே முடியாது. எனக்குப் பயம் அங்கேதான்.

இதற்கெல்லாம் தொழில்நுட்பத்தைக் குற்றம் சொல்லக் கூடாது. கோப்பாகக் கொடுத்துவிட முடியும் என்று பாட்டு விற்கும் பேண்ட்கேம்ப் தளமும் கேம் விற்கும் ஜிஓஜி தளமும் பல வருடமாகக் காட்டிக்கொண்டிருக்கின்றன. பணம் கட்டு, இறக்கிக்கொள், வைத்துக்கொள், அவ்வளவுதான். மற்றவர்கள் அப்படிச் செய்யாதது அவர்களுடைய வியாபார முடிவு.

அந்த முடிவை மாற்ற வைக்க முடியும். டிஸ்கவரி நிகழ்ச்சிகளைக் காசு கொடுத்து வாங்கியவர்களின் கணக்கிலிருந்தே அவற்றை எடுக்கப்போவதாக 2023 டிசம்பரில் சோனியின் பிளேஸ்டேஷன் அறிவித்தது. எதிர்ப்பு கிளம்பியது. அதே மாதத்தில், உரிம ஒப்பந்தம் புதுப்பிக்கப்பட்டுவிட்டது, இப்போதைக்கு எடுக்கவில்லை என்றார்கள். கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி 1 முதல் ஒரு சட்டம் இருக்கிறது. பின்னாளில் திரும்பப் பெறக்கூடிய உரிமத்தை மட்டும் விற்கும் கடை, அதை வாங்குபவருக்குத் தெளிவாகச் சொல்லியாக வேண்டும். 'தி க்ரூ' விவகாரத்தில் ராஸ் ஸ்காட் என்ற யூடியூபர் தொடங்கிய 'ஸ்டாப் கில்லிங் கேம்ஸ்' இயக்கத்தின் ஐரோப்பிய மனுவுக்கு 2025 ஜூலையில் கையெழுத்து பத்து லட்சத்தைத் தாண்டியது. சர்வரை என்றென்றைக்கும் நடத்து என்று அவர்கள் கேட்கவில்லை. நிறுத்தும்போது, வாங்கியவர் ஆடக்கூடிய நிலையில் விட்டுவிட்டுப் போ என்கிறார்கள். இதைவிட நியாயமாக எப்படிக் கேட்பது?

இந்தியாவிலும் இதைக் கேட்க வேண்டும். சந்தா கட்டிப் பார்ப்பதற்கு இந்த வாதம் பொருந்தாது, அது வாடகை என்று தெரிந்தேதான் கட்டுகிறோம். 'வாங்கு' என்று பட்டன் போட்டு முழு விலையும் எடுத்தால் கோப்பைக் கொடுங்கள்.

நம் பக்கம் செய்ய வேண்டிய வேலையும் இருக்கிறது. வில்லுப்பாட்டு, கோயில் திருவிழா நாதஸ்வரக் கச்சேரி, பட்டிமன்றம், உள்ளூர்க் கலைஞர்களின் நாட்டுப்புறப் பாட்டு என்று சின்னச் சின்ன கம்பெனிகள் போட்ட கேசட்டுகளில் நிறைய எந்தச் செயலியிலும் இல்லை. வீட்டுப் பரணில் அப்படி இருந்தால் தூக்கிப் போடாதீர்கள். பூஞ்சை பிடித்திருந்தால் அப்படியே பிளேயரில் போட வேண்டாம், டேப்பும் கெடும், ஹெட்டும் கெடும். சுத்தம் செய்து கணினிக்கு மாற்றத் தெரிந்தவர்கள் இந்த நட்பு வட்டத்தில் இருந்தால், எந்த ஊரில் இருக்கிறீர்கள் என்று கீழே எழுதுங்கள். கேசட் வைத்திருப்பவர்கள், அதன் உறையில் அச்சாகியிருக்கும் கலைஞர் பெயரையும் கம்பெனி பெயரையும் போட்டோ எடுத்துப் போடுங்கள்.