பிரஸ்பர்கரின் பெயரையும் சேர்த்துச் சொல்லுங்கள்

‘தி ரெட் ஷூஸ்’ என்ற பிரிட்டிஷ் படத்தைப் பற்றி எழுதுகிற பலரும் “மைக்கேல் பவலின் படம்” என்று எழுதிவிட்டுப் போய்விடுகிறார்கள். படிக்கும்போதெல்லாம் மனசு கேட்பதில்லை. எழுத்து, தயாரிப்பு, இயக்கம் மூன்றுக்கும் அந்த டைட்டில் கார்டில் இரண்டு பெயர்கள் சேர்ந்தே வருகின்றன. இரண்டாவது பெயர் எமரிக் பிரஸ்பர்கர். படப்பிடிப்புத் தளத்தை நடத்தியவர் பெரும்பாலும் பவல்தான், சரி. ஆனால் ரெட் ஷூஸ் கதையை 1930களிலேயே தயாரிப்பாளர் அலெக்சாண்டர் கோர்டாவுக்காக எழுதியவர் பிரஸ்பர்கர். படமாகாமல் கிடந்த அதைத் திரும்ப வாங்கித்தான் இருவரும் 1948-இல் வெளியிட்டார்கள்.

பிரஸ்பர்கர் 1902-இல் ஹங்கேரியின் மிஷ்கோல்ட்ஸ் நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர். பெர்லினுக்குப் போய், வறுமையில் அலைந்து, உஃபா என்ற ஜெர்மன் திரைப்பட ஸ்டுடியோவில் திரைக்கதை எழுத்தாளர் ஆனார். 1933-இல் நாஜிகள் ஆட்சிக்கு வந்ததும் உஃபா யூதர்களை வெளியேற்றியது. பெர்லினை விட்டுக் கிளம்பும்போது வீட்டுச் சாவியைக் கதவிலேயே விட்டுவிட்டுப் போனாராம், தேடி வருகிறவர்கள் கதவை உடைக்க வேண்டாமே என்று. பாரிஸில் கொஞ்ச காலம் இருந்துவிட்டு, 1935-இல் லண்டன் வந்து சேர்ந்தார். வயது 32. ஆங்கிலத்தை அதன் பிறகுதான் ஒழுங்காகக் கற்றுக்கொண்டார்.

அப்படிப்பட்டவர் ஏழே வருடத்தில் ‘தி லைஃப் அண்ட் டெத் ஆஃப் கர்னல் பிளிம்ப்’ படத்தை எழுதுகிறார் என்பதுதான் எனக்கு இன்னும் தீராத வியப்பு. ஒரு ஆங்கிலேய ராணுவ அதிகாரியின் நாற்பது வருட வாழ்க்கை. அவனுடைய பெருந்தன்மை, அசட்டுத்தனம், சொல்லாமல் விட்ட காதல் எல்லாம் அதில் இருக்கின்றன. ஆங்கிலேயர்களை இவ்வளவு நெருக்கமாகச் சொன்ன படம் வேறு இருக்கிறதா என்று தெரியவில்லை. உள்ளேயே பிறந்து வளர்ந்தவருக்குப் பழகிப்போய்க் கண்ணில் படாதது, வந்து குடியேறியவருக்குத் தெரிந்திருக்கிறது.

அந்தப் படத்தில் தியோ என்ற ஜெர்மானியர், 1939-இல் லண்டனில் அதிகாரிகள் முன்னால் உட்கார்ந்து, தான் ஏன் இங்கே வந்தேன் என்று சொல்வார். ஆங்கிலேய மனைவி இறந்துவிட்டாள். பிள்ளைகள் நாஜிகளாகிவிட்டார்கள், அம்மாவின் இறுதிச் சடங்குக்குக்கூட வரவில்லை. கேமரா வெட்டாமல் அவர் முகத்திலேயே நிற்கும். நடித்த அன்டன் வால்புரூக்கும் நாஜிகளால் நாட்டை விட்டு வந்தவர்தான். எழுதியவர், பேசியவர் இருவருக்குமே அது சொந்தக் கதை.

போர் உச்சத்தில் இருக்கும்போது ஒரு நல்ல ஜெர்மானியனைத் திரையில் காட்ட எவ்வளவு துணிச்சல் வேண்டும்! சர்ச்சில் இந்தப் படத்தை நிறுத்திவிடவே பார்த்தார். கதாநாயகனாக நடிக்க வேண்டிய லாரன்ஸ் ஒலிவியே கடற்படையில் இருந்தார். அவரை விடுவிக்க மறுத்துவிட்டார்கள். ரோஜர் லைவ்ஸி நடித்து 1943-இல் படம் வெளியானது.

அதே வருடம் ‘49த் பேரலல்’ படத்தின் மூலக்கதைக்காக பிரஸ்பர்கருக்கு ஆஸ்கர் கிடைத்தது. ஆனாலும் சட்டப்படி அவர் ‘எதிரி நாட்டவர்’தான். கெண்ட் மாவட்டத்து மண்ணையும் வழிகளையும் கொண்டாடும் ‘எ கேன்டர்பரி டேல்’ எழுதினார். படப்பிடிப்பு நடந்த கெண்ட்டுக்குள் நுழைய அவருக்கு அனுமதி இல்லை. குடியுரிமை 1946-இல்தான் வந்தது. ஹங்கேரியில் இருந்த அவர் அம்மா ஆஷ்விட்ஸ் நாஜி வதைமுகாமில் கொல்லப்பட்டார்.

இதையெல்லாம் தெரிந்துகொண்ட பிறகு படங்களைத் திரும்பப் பார்த்தேன். எதிரியையும் மனிதனாகப் பார்க்கிற அந்தக் கண் பிரஸ்பர்கருடையது என்று உறுதியாக நம்புகிறேன். பவலின் காட்சி மேதைமை எனக்கும் பிடிக்கும். ஆனால் வண்ணத்தை மட்டும் புகழ்ந்துவிட்டு, அந்த வண்ணத்துக்குள் இருந்த மனதை விட்டுவிடுவது அநியாயம்.

1957-இல் இருவரும் பிரிந்தார்கள். அப்புறம் பிரஸ்பர்கர் நாவல் எழுதினார். 1966-இல் வந்த ‘தி கிளாஸ் பேர்ல்ஸ்’ லண்டனில் பியானோ சுருதி சேர்ப்பவனாக ஒளிந்து வாழும் ஒரு நாஜி மருத்துவனின் கதை. தாயை முகாமில் இழந்தவர், அந்தக் கொலைகாரனின் பயத்துக்குள் போய் நின்று எழுதியிருக்கிறார். வந்தபோது கண்டுகொள்ளப்படாத நாவல், இப்போது மறுபதிப்பாகக் கிடைக்கிறது. முதலில் கர்னல் பிளிம்ப் பாருங்கள், பிறகு இதைப் படியுங்கள். தியோவை எழுதிய அதே கை என்று உங்களுக்கே தெரியும்.